ஏழாம் வகுப்பின் வாயிலில் நிறுத்தப்பட்ட மொழி

அண்மையில் ஒரு திருமண வீட்டில், பட்டங்கள் பல பெற்ற அன்பர் ஒருவர் என்னை மடக்கினார். "தாய்மொழி, தற்சார்பு என்று ஓயாமல் பேசுகின்றீர்களே! தான்சானியாவின் நைரேரே இவ்விரண்டையும் செய்துதானே பார்த்தார்? நாடு வறுமையில் வீழ்ந்தது. இறுதியில் அவரே பொறுப்பை விட்டு விலகினார். மொழி சோறு போடுமா, ஐயா?" என்றார். அதற்குள் பந்தியில் இலை போட்டுவிட்டார்கள். விடை பாதியில் நின்றது. அதனை இங்கே முழுமையாகத் தருகின்றேன். அவ்வன்பர் ஒருவர்க்காக மட்டும் அன்று. இத்தகைய வினா எழும்போது செய்தி தெரியாமல் வாயடைத்து நிற்கும் நம் இளைஞர்க்காகவே இதனை எழுதுகின்றேன்.

முதற்கண் அம்மாந்தர் யாரெனக் காண்போம். சூலியசு நைரேரே 1922ஆம் ஆண்டு ஏப்பிரல் 13ஆம் நாள், விக்டோரியா ஏரியின் கிழக்குப் பக்கத்தில் உள்ள புத்தியாமா என்னும் சிற்றூரில் பிறந்தார். தந்தையார் சனாக்கி என்னும் மிகச் சிறிய குடியொன்றின் தலைவர். பன்னிரண்டாம் அகவையில்தான் சிறுவன் பள்ளி வாயிலை மிதித்தான். பின்னர்த் தபோராவில் உயர்பள்ளி. உகண்டாவின் மக்கெரேரேக் கல்லூரியில் ஆசிரியப் பயிற்சி. அதன்பின் தபோராவில் ஆசிரியப் பணி. 1949 முதல் 1952 வரை எடின்பரோப் பல்கலைக்கழகத்தில் படிப்பு. முதுகலைப் பட்டத்துடன் திரும்பி வந்தவர் தாருசலாம் நகரையடுத்த புகுவில் மீண்டும் ஆசிரியராகவே அமர்ந்தார். 1955இல் அரசியலா ஆசிரியப் பணியா என்ற நெருக்கடி வந்தபோது சம்பளத்தைத் துறந்தார். ஆனால் ஆசிரியர் என்னும் பெயர் மட்டும் அவரை விட்டு நீங்கவில்லை. நாட்டுத் தலைவரான பின்னும், தலைமையை விட்டு இறங்கிய பின்னும், மறைந்த பின்னும் அம்மக்கள் அவரை 'முவாலிமு' என்றே அழைக்கின்றனர். ஆசிரியர் என்பதே அச்சொல்லின் பொருள்.

அவர் பிறந்த தங்கனீக்கா முதலில் செருமானியர்க்கு அடிமைப்பட்டிருந்தது. முதல் உலகப் போருக்குப் பின் ஆங்கிலேயர் கைக்கு மாறியது. அங்கு வாழ்ந்த குடிகள் நூற்றிருபதுக்கு மேற்பட்டவை. ஒவ்வொன்றுக்கும் ஒரு மொழி. இத்துணைக் குடிகளையும் ஓர் அணியில் நிறுத்த எம்மொழியில் பேசுவது? எடின்பரோவில் படித்தவர் ஆங்கிலத்தில் பேசியிருக்கலாம்; அன்றைய ஆப்பிரிக்கத் தலைவர் பலர் அதைத்தான் செய்தனர். நைரேரேயோ 1954 சூலை 7ஆம் நாள் தொடங்கிய தங்கனீக்க ஆப்பிரிக்கத் தேசிய ஒன்றியம் என்னும் தம் கட்சியைச் சுவாகிலி மொழியில் வளர்த்தார். மூட்டை தூக்குவோனும், மீன் விற்போளும், நார்க்கற்றாழைத் தோட்டத்துக் கூலியாளும் அவர் சொல்லைத் தம் காதாலேயே கேட்டனர். இடையே மொழிபெயர்ப்பார் துணை பெரும்பாலான இடங்களில் தேவைப்படவில்லை. ஒரு தலைவனுக்கும் மக்களுக்கும் இடையே மூன்றாமவன் நின்று சொல்லைப் பெயர்த்துக் கொண்டிருந்தால், அந்நாட்டில் எழுச்சி எங்ஙனம் பிறக்கும்?

1958இல் ஆங்கிலேய ஆட்சி அவர்மீது அவதூறு வழக்குத் தொடுத்துத் தண்டம் விதித்தது. அவ்வாண்டுத் தேர்தலில் ஒவ்வொரு வாக்காளனும் ஆப்பிரிக்கர் ஒருவர்க்கும் ஆசியர் ஒருவர்க்கும் ஐரோப்பியர் ஒருவர்க்குமாக மூன்று வாக்குகள் இடவேண்டும் என்ற முறைகேடான விதி இருந்தது. அதனைப் புறக்கணிக்க வேண்டுமென்று கட்சியிற் பலர் கொதித்தனர். அவர் அதற்குள்ளேயே புகுந்து வென்று காட்டினார். 1960 தேர்தலில் 71 இடங்களுள் 70 இடங்கள் அவர் கட்சிக்குக் கிடைத்தன. 1961 திசம்பர் 9ஆம் நாள் போரின்றி விடுதலை வந்தது. கிளிமாஞ்சாரோ மலைமுடியில் சுடர் ஏற்றப்பட்டது. தலைமையமைச்சராக அமர்ந்த சில கிழமைகளிலேயே, 1962 சனவரியில், அப்பொறுப்பை நண்பர் கவாவாவிடம் விட்டுவிட்டுக் கட்சியைச் சீர்செய்ய ஊரூராகச் சென்றார். அவ்வாண்டு திசம்பரில் குடியரசின் முதல் தலைவரானார். 1964 ஏப்பிரல் 26ஆம் நாள் சான்சிபார்த் தீவு இணைந்தது. இரண்டும் சேர்ந்து தான்சானியா ஆயிற்று.

இனி அவர் மொழிக்குச் செய்ததைப் பாருங்கள். 1964இல் சுவாகிலி ஆராய்ச்சி நிறுவனம் அமைந்தது. 1967இல் சுவாகிலி ஆட்சிமொழி என அறிவிக்கப்பட்டது. சுவாகிலி மொழிக்கெனச் சட்டவழி ஒரு நாட்டுப் பேரவையும் அவ்வாண்டே எழுந்தது. தொடக்கப்பள்ளிகளின் ஏழு வகுப்புகளிலும் எல்லாப் பாடங்களும் அம்மொழியிலேயே நடந்தன. நாடாளுமன்றத்தில் சுவாகிலி ஒலித்தது. அரசுக் கோப்பிலும் ஊர் முறைமன்றத்திலும் அது வழங்கிற்று.

நாட்டை ஆளும் சுமைக்கிடையே அத்தலைவர் இன்னொன்றும் செய்தார். சேக்சுபியரின் 'சூலியசு சீசர்' நாடகத்தைச் சுவாகிலியில் பெயர்த்து 1963இல் வெளியிட்டார். பின்னர் அதனைத் திருத்தி மீண்டும் வெளியிட்டார். 1969இல் 'வெனிசு வணிகன்' நாடகமும் வந்தது. அதற்கு அவர் இட்ட பெயர் வெனிசின் முதலாளிகள் என்று பொருள்படும். உரைநடையில் அன்று, பாவடிவில் பெயர்த்தார். கரணியம் என்ன? 'இம்மொழி சந்தையில் பேரம் பேசத்தான் ஆகும். உயர்ந்த கருத்தைத் தாங்காது' என்று வெள்ளையரும், வெள்ளையரின் நிழலாகிய உள்நாட்டுப் படிப்பாளிகளும் ஏளனம் செய்தனர். அவர்தம் வாய்க்கு அவர்கள் போற்றும் புலவனைக் கொண்டே பூட்டுப் போட்டார் அவ்வாசிரியர். குடியரசுத் தலைவர் ஒருவர் இரவில் விளக்கேற்றி வைத்துக்கொண்டு சொல் தேடினார் என்றால், மொழிக்குழு ஒன்றில் ஒப்புக்குக் கையெழுத்திட்டுவிட்டு எழுந்து போகும் தலைவர்களை என்னென்பது?

இங்கே நம் தோழர்களுள் சிலர் ஓர் ஐயத்தை எழுப்புவர். 'நூற்றிருபது மொழிகள்மேல் ஒரு மொழியை வைத்தது, இங்கு இந்தியை வைப்பது போன்றதன்றோ? அதை நாம் எங்ஙனம் புகழ்வது?' என்பர். நல்ல வினா. மழுப்பாமல் விடை சொல்லவேண்டும்.

சுவாகிலி கிழக்குக் கடற்கரையிலும் தீவுகளிலும் வாழ்ந்த சிறு மக்களின் மொழி. வணிகரும் சுமையாட்களும் உள்நாட்டுக்கு நடந்த வழியெல்லாம் அது பரவிற்று. 1905 முதல் 1907 வரை செருமானியரை எதிர்த்துப் பல குடிகள் சேர்ந்து எழுந்த மாசிமாசிக் கிளர்ச்சியின் பெயரே சுவாகிலிச் சொல்தான். நீர் என்பது அதன் பொருள். பெருங்கூட்டம் ஒன்று தன் எண்ணிக்கை வலிமையால் பிறர்மேல் ஏற்றிய மொழியன்று அது. நாட்டின் மிகப் பெரிய குடியாகிய சுக்குமாவினர் தம் மொழியைப் பிறர்மேல் ஏற்றவில்லை. நைரேரேயும் தம் தாய்மொழியாகிய சனாக்கியை அரியணையில் ஏற்றவில்லை. எவன் மொழி ஏறியதாலும் எவன் வேலைவாய்ப்பும் பறிபோகவில்லை. ஆகவே, கோடிக்கணக்கானோர் பிறவியிலேயே பேசும் மொழியை, அதனைப் பேசாதார்மேல் சுமத்தி, முன்னவரை முதற்குடிகளாகவும் பின்னவரை இரண்டாங்குடிகளாகவும் ஆக்கும் முறையோடு இதனை ஒப்பிடல் பொருந்தாது.

எனினும் ஒன்றை ஒளிக்கலாகாது. அச்சிறு மொழிகளுக்குப் பள்ளியிலும் வானொலியிலும் இடமில்லாமற் போயிற்று. அது குறையே. வீட்டில் ஒரு மொழியும் முதல் வகுப்பில் வேறொரு மொழியுமாகத் தடுமாறிய குழந்தைகள் அங்கும் உண்டு. நம் மொழிக்கு ஓர் அளவுகோலும் பிறர் மொழிக்கு ஓர் அளவுகோலும் வைத்திருப்பவன் மொழிப்பற்றாளன் ஆகான். சனாக்கியும் ஒரு தாயின் மொழிதான்.

மற்றோர் ஐயம், எதிரணியினர் எழுப்புவது: 'சுவாகிலியில் அரபுச் சொற்கள் நிறைந்துள்ளனவே! விடுதலையைக் குறிக்கும் உகுரு அரபு, முவாலிமு அரபு, அவர் கொள்கைப் பெயராகிய உசாமாவின் வேரும் அரபு. கலப்புமொழி வளர்ந்ததே, நீங்கள் மட்டும் ஏன் தூய்மை தூய்மை என்கின்றீர்?' என்று நகைப்பர். சுவாகிலி என்னும் பெயரே கடற்கரை எனப் பொருள்படும் அரபுச் சொல்லின் வழியது என்பதை அவர்களுக்கு யானே எடுத்துத் தருவேன். ஆனால் அம்மொழியின் எலும்பும் நரம்பும் பாந்து இனத்தவை. தற்சார்பு என்பதற்கு அவர்கள் வழங்கும் 'குசித்தெகெமெயா' என்னும் சொல்லைப் பிரித்துப் பாருங்கள். 'தன்னையே சார்ந்து நிற்றல்' என்று முன்னொட்டும் வேருமாக விரியும். மின்னாற்றலுக்கு அவர்கள் இட்ட பெயர் 'உமெமெ'. மின்னல் என்பதே அதன் பழம்பொருள். நாமும் மின்னலிலிருந்தன்றோ மின்னை எடுத்தோம்? தன்னிடம் வேர் இருந்தவிடத்து அம்மொழியும் தன் வேரிலிருந்தே சொல்லாக்கியது. இல்லாதவன் கடன் வாங்குவது குற்றமன்று. வீட்டில் குதிர் நிறைய நெல் இருக்க, அண்டை வீட்டில் அரிசி இரப்பதையே நாம் இழிவு என்கின்றோம்.

இனி, அன்பர் சொன்ன வறுமைக்கு வருவோம். 1967 பிப்பிரவரி 5ஆம் நாள் அருசாச் சாற்றுரை வெளியாயிற்று. வங்கிகளும் பெருந்தொழில்களும் அரசுடைமையாயின. கட்சித் தலைவர்கள் இரட்டைச் சம்பளம் பெறலாகாது. நிறுவனப் பங்குகள் வைத்திருக்கலாகாது. வீடு கட்டிக் குடிக்கூலிக்கு விடலாகாது. இக்கட்டுப்பாட்டை இன்று எந்நாட்டு அமைச்சர் ஏற்பார்? ஆனால் அதே உசாமாவின் பெயரால், மக்கள் விருப்பத்தோடு அமையும் என்று சொல்லப்பட்ட கூட்டுச் சிற்றூர்கள், 1973 முதல் 1976 வரை வன்முறையால் அமைக்கப்பட்டன. அரைக் கோடி மக்களுக்குக் குறையாமல் இடம் பெயர்க்கப்பட்டனர். பழைய குடிசைகள் எரிக்கப்பட்ட இடங்களும் உண்டு. உழவன் தன் மண்ணின் தன்மையை அறிவான். அலுவலன் நிலப்படத்தில் கோடு மட்டும் அறிவான். வறட்சியும் சேர்ந்துகொள்ள, உணவு வெளிநாட்டிலிருந்து வந்து இறங்கியது. 1962இலேயே உசாவலின்றிச் சிறையில் வைக்கும் சட்டம் வந்தது. 1965 முதல் ஒரே கட்சி ஆட்சி. இவையெல்லாம் குற்றங்கள். பெரியார் ஒருவரைப் போற்றுவதற்காக அவர் குற்றத்தை மூடுவது நம் வேலையன்று.

ஆனால், அன்பரே, இவற்றுள் எது மொழியால் வந்தது? நார்க்கற்றாழையின் விலை உலகச் சந்தையில் விழுந்தது சுவாகிலியாலா? 1973இலும் 1979இலும் எண்ணெய் விலை ஏறியது சுவாகிலியாலா? 1978 அத்தோபரில் இடி அமீன் படை ககேராப் பகுதிக்குள் புகுந்ததும், அவனைத் துரத்தி 1979 ஏப்பிரலில் கம்பாலாவைக் கைப்பற்றும்வரை நடந்த போரின் செலவு நாட்டின் முதுகை முறித்ததும் சுவாகிலியாலா? ஆங்கிலத்தையே ஆட்சிமொழியாகக் கொண்ட அண்டை நாடு சாம்பியாவும், செம்பின் விலை வீழ்ந்தபோது கடனில் மூழ்கியது. ஆங்கிலத்தில் ஆண்ட உகண்டா 1971 முதல் எட்டாண்டுகள் குருதியில் தோய்ந்தது. அங்கெல்லாம் குற்றத்தை ஆங்கிலத்தின் தலையில் ஏற்றினீரா? ஏற்றவில்லை. பொருளியல் தவற்றை மொழியின் கணக்கில் எழுதுவது தாய்மொழிக்கு மட்டும் நீங்கள் வைத்திருக்கும் தனிக்கணக்கு.

மொழியின் கணக்கில் எழுதவேண்டியதை எழுதுங்கள். 1967இல் அந்நாட்டில் எழுதப் படிக்கத் தெரிந்தோர் ஏறத்தாழ மூன்றிலொரு பங்கினர். முதியோர் கல்வி இயக்கம் சுவாகிலியில் சிற்றூர்தோறும் சென்றது. 1980களின் நடுவில் பத்துப் பேரில் ஒன்பதின்மர் எழுத்தறிந்தோர் என அரசின் கணக்கு காட்டியது. அரசுக் கணக்கில் கொஞ்சம் கழித்துக்கொள்ளுங்கள். அப்போதும் அது அருஞ்செயலே. வேற்று மொழியில் இது நடந்திருக்குமா? நூற்றிருபது குடிகள் வாழும் அந்நாட்டில், அண்டை நாடுகளைச் சிதைத்த குடிப்போர் மூளவில்லை. மொழியொன்றே இதனைச் செய்தது என்று யான் சொல்லவில்லை. ஒரே மொழி பேசுவோரே 1994இல் ருவாண்டாவில் ஒருவரையொருவர் கொன்றதையும் உலகம் கண்டது. எக்குடிக்கும் தனிச்சலுகை தராத நடுவுநிலையும் பொதுமொழியும் சேர்ந்தே அங்கு அமைதி காத்தன. 1961இல் குடியுரிமைச் சட்டம் பேசப்பட்டபோது, தோலின் நிறம் பார்த்துக் குடியுரிமை கொடுப்பதற்கு அவர் இணங்கவில்லை. 1972இல் இடி அமீன் ஆசியரைத் துரத்தியபோது, அது நிறவெறியே என்று வெளிப்படையாகக் கண்டித்தார்.

அவ்வாறாயின் நைரேரே தோற்கவே இல்லையா? தோற்றார். ஆனால் நீங்கள் சொல்லும் இடத்தில் அன்று. தாய்நாட்டு மொழியைப் பற்றியதனால் அன்று. பாதி வழியில் விட்டதனால்.

தொடக்கப்பள்ளியின் ஏழு வகுப்புகளும் சுவாகிலியில் நடந்தன என்றேன். எட்டாம் ஆண்டு உயர்பள்ளிக்குள் நுழையும் மாணவனை வாயிலில் வரவேற்றது ஆங்கிலம். நேற்றுவரை சுவாகிலியில் கணக்கும் அறிவியலும் கற்றவன் இன்று ஒரு சொல்லும் விளங்காமல் விழித்தான். இந்நிலையை ஆராய 1980இல் நைரேரே அமர்த்திய கல்வி ஆணையம், 1985 முதல் உயர்பள்ளியிலும் 1990களின் தொடக்கத்தில் பல்கலைக்கழகத்திலும் சுவாகிலியைப் பயிற்றுமொழியாக்குக எனப் பரிந்துரைத்தது. அரசு 1983இல் அதைத் தள்ளிவிட்டது. 1984இல் ஆங்கிலேயர் பொருளுதவியோடு இரு ஆங்கிலேய அறிஞர் நடத்திய ஆய்வும், உயர்பள்ளி மாணவர்க்கு அம்மொழியில் பாடம் கற்கப் போதிய ஆங்கிலம் இல்லை என்று கண்டது. நோய் தெரிந்தது. ஆனால் அவர்கள் எழுதித் தந்த மருந்து என்ன? இன்னும் கொஞ்சம் ஆங்கிலம்! அதற்கும் ஆங்கிலேயப் பணமே வந்தது. நைரேரேயும் அக்காலத்தில், ஆங்கிலம் உலகத்தின் சுவாகிலி என்னும் கருத்துப்படப் பேசி, அம்முடிவுக்குத் துணை நின்றார். சீசரைச் சுவாகிலி பேச வைத்தவர்க்கு வேதியலை அம்மொழி பேச வைக்கும் துணிவு வராமற் போனதே, அதுதான் அவர் வாழ்வின் பெருந்தோல்வி!

'முதலில் நூல்கள் வரட்டும், கலைச்சொற்கள் வரட்டும், பிறகு மொழியை மாற்றலாம்' என்பதே அங்கும் சொல்லப்பட்ட சாக்கு. கலைச்சொற்களை ஆராய்ச்சி நிறுவனமும் மொழிப் பேரவையும் ஆக்கித் தந்தன. வகுப்பறைக்குள் விடாத சொல்லை யார் வழங்குவர்? வழங்காத சொல் எங்ஙனம் பழகும்? நீந்தக் கற்றபின்தான் நீரில் இறங்குவேன் என்பவன் கரையிலேயே மூப்படைவான். அதன் விளைவு என்ன? 1990களுக்குப் பின், பணம் படைத்தோர் தம் பிள்ளைகளைத் தொடக்கத்திலிருந்தே ஆங்கில வழியில் கற்பிக்கும் தனியார் பள்ளிகளுக்கு அனுப்பினர். ஏழை மகன் ஏழாண்டு சுவாகிலியில் படித்து எட்டாம் ஆண்டில் தடுக்கி விழுந்தான். 2015இல் வெளியிடப்பட்ட கல்விக் கொள்கை எல்லா நிலைகளிலும் சுவாகிலியை உயர்த்தப் போவதாகச் சொல்லிற்று, சொன்னதோடு நின்றது. அடியில் மட்டும் தாய்நாட்டு மொழி, மேலே வேற்று மொழி என்றால், தாய்நாட்டு மொழி ஏழையின் மொழி என்ற முத்திரையை அரசே குத்திவிட்டது என்பது பொருள்.

பல்லாண்டுகள் கரும்பலகையின் முன் நின்றவன் என்னும் முறையில் ஒன்று சொல்வேன். விளங்காத மொழியில் பாடம் கேட்கும் மாணவன் வினாக் கேட்பதை நிறுத்திவிடுகின்றான். முதலில் கை தாழ்கின்றது. பிறகு கண் தாழ்கின்றது. அவன் மந்தன் என்று ஆசிரியர் எழுதிவிடுகின்றார். அவனும் அதை நம்பிவிடுகின்றான். தாருசலாமில் நடந்தாலும் தஞ்சையில் நடந்தாலும் இக்கொடுமை ஒன்றுதான்.

நைரேரே 1985இல் எவரும் தள்ளாமல் தாமே தலைமையை விட்டு இறங்கினார். ஆண்டபோது பொருள் சேர்க்காதவர். புத்தியாமாவுக்குத் திரும்பி உழுது வாழ்ந்தார். இறுதி ஆண்டுகளில் மீண்டும் தம் மொழிப்பணிக்கே வந்தார். நற்செய்தி நூல்களைச் சுவாகிலிப் பாவில் ஆக்கினார். 1999 அத்தோபர் 14ஆம் நாள் இலண்டன் மருத்துவமனையில் மறைந்தார். பிறந்த மண்ணிலேயே புதைக்கப்பட்டார். 2021இல் உலக நாடுகளின் கல்விப் பண்பாட்டு அமைப்பாகிய யுனெசுகோ, சூலை 7ஆம் நாளைச் சுவாகிலி மொழி நாளாக அறிவித்தது. அந்நாள் எந்நாள்? புகுவின் ஆசிரியர் தம் கட்சியைத் தொடங்கிய நாள். உலகம் இன்று அவரை நினைப்பது அவர் உயர்பள்ளியில் விட்டுவைத்த ஆங்கிலத்துக்காகவா, ஊர் மேடையில் ஏற்றிவைத்த சுவாகிலிக்காகவா?

ஆகவே, பந்தியில் பாதியில் நின்ற விடை இதுதான், அன்பரே: நைரேரே மொழியால் வீழவில்லை. மொழியைப் பற்றிய இடத்திலெல்லாம் வென்றார். கைவிட்ட இடத்தில் அவருடைய மாணவர்கள் தோற்றனர்.

தோழர்களே, உங்களுக்கும் ஒரு சொல். தமிழ் மேடையில் முழங்கிவிட்டு வீட்டுப் பிள்ளையை ஆங்கிலப் பள்ளி வண்டியில் ஏற்றியனுப்புவோர் நம்முள்ளும் இருக்கின்றனர். ஏழாம் வகுப்புவரையாவது தம் மொழியைக் கொண்டு சென்றார் அவ்வாப்பிரிக்க ஆசிரியர். நாம் நம் பிள்ளைகளை எந்த வகுப்புவரை தமிழில் கொண்டு சென்றோம் என்பதை அவரவர் வீட்டில் அமர்ந்து எண்ணிப் பாருங்கள். அதன்பின் அயலாரைச் சாடுவோம். அவர் நின்ற வாயிலைத் தாண்டிச் செல்லும் கடமை நமக்கிருக்கின்றது. அதனைச் செய்ய மேடை வேண்டா, முதலில் நம் வீட்டுத் திண்ணை போதும்.